சின்னத்திரையிலிருந்து எண்ணூர்க் கழிக்கு: ஆவணப்படம் எடுக்க வரும் நடிகைக்கு ஒரு விரிவான பதில்

கேள்வி இது: சில ஆண்டுகள் தொடர்களிலும் சினிமாவிலும் நடித்த ஒருவர், எண்ணூர்க் கழிமுகத்தைச் சாம்பலும் எண்ணெயும் என்ன செய்தன என்பதைப் பற்றி, யார் தயவும் இல்லாமல் ஐம்பது நிமிட ஆவணப்படம் எடுக்க விரும்புகிறார். நடிப்பைத் தவிர வேறு பயிற்சி இல்லை. எங்கே தொடங்குவது, எங்கெல்லாம் தவறும்?

ஓராண்டு ஒதுக்குங்கள். மூன்று பேர் போதும்: நீங்கள், ஒரு ஒளிப்பதிவாளர், ஒலிக்கென்றே ஒருவர். முதல் மூன்று மாதம் கேமரா வேண்டாம். அந்த மூன்று மாதத்தில் சேர்க்கும் காகிதங்கள்தான் படத்தை நிற்க வைக்கும். உங்கள் முகம் படத்தைத் திறந்து பார்க்க வைக்கும். பத்தாவது நிமிடத்துக்குப் பிறகு அதனால் பயனில்லை.

இந்தப் பாதையில் நடந்தவர்கள் இருக்கிறார்கள். அமெரிக்காவின் ரெபெக்கா ஹாரல் டிக்கெல் 1989இல் குழந்தை நட்சத்திரமாக அறிமுகமானவர். 2010 ஏப்ரல் 20 அன்று மெக்சிகோ வளைகுடாவில் எண்ணெய்க் கிணறு வெடித்து 11 பேர் இறந்தபின், கணவரோடு அந்தக் கரைக்குப் போய் 'தி பிக் ஃபிக்ஸ்' படத்தை எடுத்தார். பிரான்ஸின் மெலனி லோரான், குவென்டின் டாரன்டினோ படத்தில் நடித்து உலகம் அறிந்தவர். சிரில் தியோனுடன் சேர்ந்து 2015இல் 'நாளை' என்று பொருள்படும் 'டுமேன்' ஆவணப்படத்தை இயக்கினார். இணையவழி மக்கள் நிதியாக நான்கு லட்சம் யூரோவுக்கு மேல் திரண்டது. பிரான்ஸில் பத்து லட்சத்துக்கும் அதிகமானோர் திரையரங்கில் பார்த்தார்கள். 2016இல் சிறந்த ஆவணப்படத்துக்கான சேசர் விருதும் கிடைத்தது. இரண்டிலிருந்தும் எடுத்துக்கொள்ள வேண்டியது வேறு வேறு. டுமேன் காட்டுவது, பிரபலம் பணம் திரட்டக் கைகொடுக்கும் என்பதை. டிக்கெல் தரும் பாடத்தைப் பின்னால் சொல்கிறேன். அது உடம்பைப் பற்றியது.

முதலில் காகிதம். எண்ணூரைச் சுற்றியுள்ள அனல்மின் நிலையங்கள் எரிக்கும் இந்திய நிலக்கரியில் 30 முதல் 45 விழுக்காடு சாம்பல். வட சென்னை அனல்மின் நிலையத்துச் சாம்பல் தண்ணீரோடு குழம்பாகக் கலக்கப்பட்டு, குழாய் வழியாகச் செப்பாக்கம் சாம்பல் குளத்துக்குப் போகிறது. குழாய் உடைந்த இடங்களில் அந்தக் குழம்பு கழியில் இறங்கிப் படிந்தது, ஆழம் குறைந்தது, படகு தரை தட்டியது. இதை மீனவர் வாயால் சொல்ல வைப்பது எளிது. எந்தத் தேதியில் எந்தக் குழாய் உடைந்தது, மாசுக் கட்டுப்பாட்டு வாரியம் என்ன குறிப்பாணை அனுப்பியது, நிறுவனம் என்ன பதில் எழுதியது என்பதைத் திரையில் காட்டினால்தான் மறுதரப்பு வாயடைக்கும்.

அதற்கு 2005ஆம் ஆண்டின் தகவல் அறியும் உரிமைச் சட்டம் போதும். கட்டணம் 10 ரூபாய், பதில் 30 நாளில் வர வேண்டும், வராவிட்டாலோ மழுப்பினாலோ 30 நாளுக்குள் முதல் மேல்முறையீடு. இங்கே பெரும்பாலான மனுக்கள் தோற்பதற்குக் காரணம் கேள்வியின் வடிவம். 'ஏன் நடவடிக்கை எடுக்கவில்லை?' என்று கேட்டால் அது தகவல் அல்ல என்று திருப்பி அனுப்பிவிடுவார்கள். ஆவணத்தைக் கேளுங்கள்: 'இந்த மாதம் முதல் அந்த மாதம் வரை சாம்பல் குழாய்க் கசிவு தொடர்பாக வாரியம் அனுப்பிய குறிப்பாணைகளின் நகல்', 'இயக்க இசைவாணையும் (ஆலை இயங்க வாரியம் தரும் அனுமதி) அதன் நிபந்தனைகளும்'. ஒரு மனுவில் ஒரு பொருள். அதே சட்டத்தின் 2(ஜே) பிரிவு ஆவணங்களை நேரில் பார்வையிடவும், சான்றளிக்கப்பட்ட பொருள் மாதிரி எடுக்கவும்கூட உரிமை தருகிறது. அதைப் பயன்படுத்துகிறவர்கள் மிகக் குறைவு.

மனுவே போடாமல் கிடைப்பவையும் உண்டு. சுற்றுச்சூழல் அனுமதி பெற்ற ஆலை ஆண்டுதோறும் ஜூன் 1, டிசம்பர் 1 ஆகிய தேதிகளில் நிபந்தனை இணக்க அறிக்கை தர வேண்டும். அது பொது ஆவணம். தேசிய பசுமைத் தீர்ப்பாயத்தின் தென்மண்டல அமர்வு சென்னையிலேயே இருக்கிறது. அங்கே நடந்த எண்ணூர் வழக்குகளில் கூட்டுக் குழுக்கள் தாக்கல் செய்த அறிக்கைகளைத் தேடி எடுங்கள். 2006ஆம் ஆண்டின் சுற்றுச்சூழல் தாக்க மதிப்பீட்டு அறிவிக்கையின்படி பொதுமக்கள் கருத்துக் கேட்புக் கூட்டம் முழுவதையும் வாரியமே வீடியோ எடுத்தாக வேண்டும். அந்த வீடியோவின் நகலைக் கேட்டு வாங்குங்கள். பத்து ஆண்டுக்கு முன் ஊர்ப் பெரியவர் ஒருவர் மாவட்ட ஆட்சியர் முன்னால் எழுந்து சொன்னதும், இன்று அதே மனிதர் அதே கரையில் நிற்பதும் அடுத்தடுத்து வந்தால், எந்தப் பின்னணி இசையும் அதற்கு ஈடாகாது.

அடுத்தது கழியின் நாட்காட்டி. புதிதாக வருகிறவர்கள் அதிகம் சறுக்குவது இங்கேதான். சென்னைக் கடலில் ஒரு நாளில் இருமுறை ஏற்றம் (நீர் மட்டம் உயர்வது), இருமுறை வற்றம் (தாழ்வது). ஒவ்வொரு நாளும் ஏறத்தாழ 50 நிமிடம் தள்ளிப் போகும். அமாவாசை, பௌர்ணமியை ஒட்டி மட்ட வேறுபாடு ஒரு மீட்டர் அளவுக்கு வரும். சாம்பல் திட்டு வெளியே தெரிவது வற்றத்தில். காலை ஆறரை மணி வெளிச்சத்தில் வற்றம் வேண்டும் என்றால் அது ஏறக்குறைய பதினைந்து நாளுக்கு ஒருமுறைதான் அமையும். ஆகவே படப்பிடிப்புத் தேதிகளை ஏற்ற வற்ற நேரம் காட்டும் ஓத அட்டவணையை வைத்துக் குறியுங்கள், ஒளிப்பதிவாளரின் கால்ஷீட்டை அதற்கேற்ப மாற்றுங்கள். வடகிழக்குப் பருவமழையில் கொசஸ்தலையாறு வெள்ளம் கொண்டுவந்து முகத்துவாரத்தைத் திறக்கும். கோடையில் மணல் மேடிட்டு அடைக்கும். ஒரே பருவத்தில் எடுத்து முடித்தால் பாதிக் கழியைத்தான் எடுத்திருப்பீர்கள். காகித வேலை போக மீதி ஒன்பது மாதத்தில், மாதத்துக்கு மூன்று நான்கு நாள் என்று முப்பது நாள் கணக்கு வையுங்கள்.

ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை கிழக்குக் கடலில் 61 நாள் மீன்பிடித் தடைக்காலம். விசைப்படகுகள் வரிசையாகக் கட்டிக் கிடக்கும். அந்தக் காட்சியை 'மாசால் தொழில் முடங்கியது' என்ற குரலோடு போட்டால், கடலோரத்தில் பிறந்த எந்தக் குழந்தையும் பொய்யென்று சொல்லிவிடும். ஒரே ஒரு ஷாட் போதும், முழுப் படத்தின் நம்பகமும் போக.

இதே தவறு செயற்கைக்கோள் படங்களிலும் நடக்கிறது. லேண்ட்சாட் படங்கள் 1980களிலிருந்து 30 மீட்டர் துல்லியத்திலும், சென்டினல்-2 படங்கள் 2015 முதல் 10 மீட்டர் துல்லியத்திலும் இலவசமாகக் கிடைக்கின்றன. உரிமக் குறிப்பை மட்டும் இறுதிப் பெயர்ப்பட்டியலில் சேர்க்க வேண்டும். இரண்டு ஆண்டுகளின் படங்களை அருகருகே வைத்துக் 'கழி சுருங்கிவிட்டது' என்று காட்டுமுன், இரண்டும் ஒரே மாதத்தவையா, அந்த நாளில் செயற்கைக்கோள் கடந்த காலை பத்தரை மணியளவில் ஏற்றமா வற்றமா என்று பாருங்கள். ஒன்று ஏற்றத்திலும் மற்றொன்று வற்றத்திலும் எடுத்ததென்றால், ஒரு பிடி சாம்பல் விழாமலே கழி சுருங்கியதாகத் தெரியும். நிறுவனத்தின் நிபுணர் முதலில் தேடும் ஓட்டை இது.

தண்ணீர் மாதிரி எடுக்கும் காட்சி ஏறத்தாழ எல்லாச் சூழலியல் படத்திலும் வருகிறது. பாதிக்கு மேல் பயனற்றது. கண்ணாடிக் குவளையில் கலங்கல் தண்ணீரைத் தூக்கிக் காட்டுவதால் எதுவும் நிறுவப்படாது. மூன்று இடத்தில் எடுங்கள்: நீரோட்டத்தில் கழிவு சேருமிடத்துக்கு மேலே, சேருமிடத்தில், கீழே. மேலே எடுத்த மாதிரி இல்லாவிட்டால் ஒப்பிட ஒன்றுமில்லை. கன உலோகத்துக்கு அமிலத்தில் கழுவிய பிளாஸ்டிக் புட்டி. நைட்ரிக் அமிலம் விட்டு அமிலத்தன்மையைக் காட்டும் பிஎச் அளவை 2க்குக் கீழே கொண்டுவர வேண்டும். எண்ணெய்க்குக் கண்ணாடிப் புட்டிதான். பிளாஸ்டிக்கின் சுவரில் எண்ணெய் ஒட்டிக்கொள்வதால் அளவு குறைவாக வரும். ஐஸ் பெட்டியில் 4 டிகிரி அளவில் வைத்து, என்ஏபிஎல் (ஆய்வகங்களின் தரத்தைச் சோதிக்கும் தேசிய வாரியம்) அங்கீகாரம் பெற்ற ஆய்வகத்துக்கு அனுப்புங்கள். புட்டியையும் அமிலத்தையும் அவர்களே தருவார்கள், அவர்கள் ஆளே வந்து எடுத்தால் இன்னும் நல்லது. கரைந்த ஆக்சிஜனை அங்கேயே மீட்டரில் அளக்க வேண்டும். புட்டியைத் திறப்பதிலிருந்து முத்திரை வைப்பது வரை வெட்டாத ஒரே ஷாட்டாக எடுங்கள். ஜிபிஎஸ் காட்டும் திரையும் கடிகாரமும் அதில் தெரியட்டும். முடிவு வந்ததும் அதைக் குடிநீர்த் தரத்தோடு ஒப்பிடும் ஆசை வரும். உப்பங்கழிச் சேற்றைக் குடிநீர் அளவுகோலால் அளப்பது பிழை. எந்த அளவுகோல் பொருந்தும் என்று ஒரு கடல் வேதியியலாளரிடம் எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள்.

இப்போது நடிப்புக்கு வருவோம். காட்டுக்குப்பத்துக்கோ முகத்துவாரக்குப்பத்துக்கோ நீங்கள் முதலில் போகும்போது கூட்டம் கூடும், செல்ஃபி எடுப்பார்கள், கேட்டவுடன் அழுவார்கள். அந்த முதல் நாளில் கேமரா ஓடினால் கிடைப்பது தொடர் வசனம். உங்களை அவர்கள் டிவியில் பார்த்த மொழியிலேயே உங்களிடம் பேசுவார்கள். ஊர்ப் பஞ்சாயத்தாரைப் பார்த்துப் பேசிவிட்டு, வெறுங்கையோடு ஏழெட்டு முறை போய்வாருங்கள். பாடு முறை (மீன்பிடி இடங்களை முறைவைத்துப் பகிர்ந்துகொள்வது) எப்படி நடக்கிறது, இன்று எந்த இடம் யாருடைய முறை, எந்த வலைக்கு எந்தக் கண் அளவு, கையால் இறால் தடவிப் பிடிக்கும் இருளர் பெண்கள் எந்த நேரத்தில் கழியில் இறங்குகிறார்கள் என்பதையெல்லாம் கேளுங்கள். நட்சத்திரம் வந்திருக்கிறது என்ற பரபரப்பு அடங்க அவ்வளவு நாள் பிடிக்கும்.

செட்டில் கைவந்த ஒரு பழக்கத்தை முற்றாக விட வேண்டும்: 'இன்னொரு டேக்'. வலை வீசியது ஃபோகஸில் இல்லை என்றால் அது போனதுதான். 'அண்ணே, இன்னொரு தடவை வீசுங்க' என்று சொன்ன நொடியிலிருந்து அவர் உங்களுக்காக நடிக்கிறார். அதற்குப் பிறகு அவர் சொல்லும் உண்மையும் வசனம் மாதிரிதான் இருக்கும். நேர்காணலில் தலையசையுங்கள், 'ம்ம்' போடாதீர்கள். அந்த ஒலி அவர் வாக்கியத்தின் மேல் விழுந்தால் எடிட்டிங்கில் பிரிக்க முடியாது. அவர் பேசி முடித்ததும் மனதுக்குள் ஐந்து வரை எண்ணுங்கள். எதிரில் நடிப்பவரின் மூச்சைக் கவனிக்கக் கற்றவர் நீங்கள். இந்தத் தொழிலில் புதிதாக வருகிறவர்களிடம் இல்லாத செல்வம் அது. அந்த ஐந்து நொடிக்குப் பிறகு வருவதுதான் பெரும்பாலும் படத்தில் நிற்கும்.

உங்கள் கண்ணீரைக் காட்டாதீர்கள். மீனவப் பெண் பேசும்போது உங்கள் முகத்துக்கு வெட்டினால், படம் அந்த நொடியே உங்களைப் பற்றியதாகிவிடும். நீங்கள் திரையில் இருக்க வேண்டிய இடம் வேறு: அலுவலக வாசலில், மீனவருக்குக் கிடைக்காத நேரம் உங்களுக்குக் கிடைக்கும் அறையில், கையில் அந்தக் குறிப்பாணையின் நகலோடு அதிகாரியிடம் கேள்வி கேட்கும் இடத்தில். அங்கே உங்கள் முகத்துக்குச் செல்வாக்கு உண்டு, அதை முழுதாகச் செலவழியுங்கள். பின்னணிக் குரலை டப்பிங் குரலில் பேசாதீர்கள். உட்கார்ந்து, எதிரில் ஒருவரை வைத்துக்கொண்டு, அவருக்குச் சொல்வது போலப் பதிவு செய்யுங்கள்.

நடிப்புப் பயிற்சி நேரடியாகப் பயன்படும் இடம் ஒன்று உண்டு. ஆலையில் ஒப்பந்தக் கூலியாக இருப்பவர் பேசினால் வேலை போகும். முகத்தை மங்கலாக்கினால் போதும் என்பார்கள், போதாது. ஊரில் நடை, கை, குரல் எதை வைத்தும் ஆளைச் சொல்லிவிடுவார்கள். அவர் சொன்னதைச் சொல் மாறாமல் எழுதி, வேறொரு குரலில் பேசி, 'பேசியவரின் பாதுகாப்புக்காகக் குரல் மாற்றப்பட்டது' என்று திரையில் எழுதுங்கள். மூல ஒலியைத் தனியாகப் பூட்டி வையுங்கள். யாரைப் படமெடுத்தாலும் சம்மதத்தைத் தமிழில், கேமரா முன்னால், பேச்சாகவே பெறுங்கள்: படம் எங்கெல்லாம் போகும், என்ன விளைவு வரலாம், எந்தத் தேதி வரை பின்வாங்கலாம் என்று சொல்லி. நேர்காணலுக்குக் காசு கொடுக்க வேண்டாம்; ஆனால் படகுக்கு வாடகையும் டீசலும், ஒரு நாள் தொழிலை உங்களுக்காக விட்டவருக்கு அந்த நாளின் கூலியும் கட்டாயம் கொடுங்கள்.

கருவிகளைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. இந்திய மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்பதால் நொடிக்கு 25 பிரேம், ஷட்டர் 1/50. இல்லாவிட்டால் குழல்விளக்கு மினுக்கும். 4கே காட்சி 100 மெகாபிட் வேகத்தில் ஒரு மணி நேரத்துக்கு 45 ஜிபி. நாற்பது மணி நேரம் எடுத்தால் 1.8 டிபி. மூன்று பிரதி வேண்டும், ஒன்று வேறு வீட்டில். செலவைக் குறைக்க வேண்டுமென்றால் கேமராவில் குறையுங்கள், ஒலியில் குறைக்காதீர்கள். கரைக்காற்றுக்கு ரோமப் போர்வை போட்ட கூண்டுக்குள் மைக் இருக்க வேண்டும். சட்டை போடாமல் நிற்கும் மீனவருக்குக் காலர் மைக் மாட்ட இடமில்லை. தோள் துண்டில் மாட்டினால் உரசும். கோலில் கட்டித் தலைக்கு மேலே பிடிக்கும் பூம் மைக்கே சரி. புடவையில் மாட்டினால் மடிப்பின் உள்பக்கம் டேப் ஒட்டிப் பொருத்துங்கள். வளையலைக் கழற்றச் சொல்லாதீர்கள், மைக்கை மேலே ஏற்றுங்கள். படகில் இன்ஜினை நிறுத்திவிட்டுப் பேசுங்கள். ஒவ்வோர் இடத்திலும் யாரும் பேசாத வெறும் ஒலி ஒரு நிமிடம் எடுத்துக்கொள்ளுங்கள். எடிட்டிங்கில் ஒட்டுப் போட அதுதான் நூல். லென்ஸில் சாம்பல் படிந்தால் துணியால் துடைக்காதீர்கள், கீறும். முதலில் ஊதுகுமிழால் ஊதி விலக்குங்கள்.

ட்ரோன் ஆசை எல்லோருக்கும் வரும். 2021ஆம் ஆண்டு விதிகளின்படி சிவப்பு மண்டலத்தில் மத்திய அரசின் அனுமதியில்லாமல் பறக்கவிடக் கூடாது. துறைமுகமும் மின் நிலையமும் சூழ்ந்த இடம் இது. எந்த இடம் எந்த மண்டலம் என்று காட்டும் அரசின் டிஜிட்டல் ஸ்கை வரைபடத்தைப் பார்க்காமல் கிளப்பினால் கருவியும் போகும், படமும் வழக்கில் மாட்டும். பொதுச் சாலைப் பாலத்திலிருந்தும் படகிலிருந்தும் தேவையான அகலக் காட்சி கிடைக்கும். வடக்கே பழவேற்காடு சரணாலயத்துக்குள் போவதென்றால் தலைமை வன உயிரினக் காப்பாளரின் அனுமதி வேண்டும்.

டிக்கெல் விஷயம். எண்ணெய் படர்ந்த வளைகுடாக் கரையில் படம்பிடித்த பிறகு தனக்குத் தோலும் மூச்சும் பாதிக்கப்பட்டதாக அவர் வெளிப்படையாகச் சொன்னார். எண்ணூரில் 2017 ஜனவரி 28 அன்று இரண்டு கப்பல்கள் மோதியபின் கொட்டிய எண்ணெயைத் தன்னார்வலர்கள் வாளியால் அள்ளினார்கள். 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் வெள்ளத்தோடு மணலியிலிருந்து எண்ணெய் கழிக்குள் வந்தது. அதே மாதம் 26ஆம் தேதி இரவு பெரியகுப்பம் பக்கம் கடலடிக் குழாயிலிருந்து அம்மோனியா கசிந்தது. என்95 முகக்கவசம் சாம்பல் தூளைத் தடுக்கும். எண்ணெய் ஆவியையும் அம்மோனியாவையும் தடுக்காது. ஆவிக்குக் கரிம ஆவி வடிகட்டி பொருத்திய அரைமுகக் கவசம், கைக்கு நைட்ரைல் உறை, முட்டிவரை ரப்பர் பூட்ஸ். அம்மோனியா நெடி வந்தால் படமெடுக்க நிற்காதீர்கள்; காற்றுக்குக் குறுக்காக நடந்து வெளியேறுங்கள். உங்களுக்கு வாங்கும் அதே கவசத்தைப் படகோட்டுபவருக்கும் வாங்குங்கள்.

பணத்திலும் சட்டத்திலும் சில. கையிலுள்ளதில் மூன்றில் ஒரு பங்கைப் படப்பிடிப்புக்குப் பிந்தைய வேலைக்கென்று தொடாமல் வையுங்கள். எடிட்டிங் பாதியில் நிற்கும் படங்களே அதிகம். வெளிநாட்டு மானியம் வாங்குமுன் எஃப்சிஆர்ஏ எனப்படும் வெளிநாட்டு நிதி ஒழுங்குமுறைச் சட்டம் தெரிந்த கணக்காயரைப் பாருங்கள். செய்தி, நடப்பு நிகழ்ச்சித் தயாரிப்புக்கு அதில் தடை உண்டு. நீங்கள் முன்பு சிமெண்ட், பெயிண்ட், மின்சாரம் போன்ற எந்த நிறுவனத்தின் விளம்பரத்திலாவது நடித்திருந்தால், அதைப் படத்திலேயே நீங்களாகச் சொல்லிவிடுங்கள். மற்றவர் தோண்டி எடுத்தால் பேச்சு அதிலேயே நின்றுவிடும். சேனலோடு இன்னும் ஒப்பந்தம் ஓடினால் வேறு தயாரிப்புக்குத் தடை இருக்கிறதா என்று படியுங்கள். குற்றம் சாட்டப்படும் ஒவ்வொரு தரப்புக்கும் கேள்விகளை விரைவுத் தபாலில் (ஸ்பீட் போஸ்ட்) அனுப்பிப் பதினைந்து நாள் கொடுங்கள். பதில் வந்தால் படத்தில் சேருங்கள். பாரதிய நியாய சன்ஹிதாவின் 356ஆம் பிரிவு அவதூறைக் குற்றமாகவே வைத்திருக்கிறது. அந்தத் தபால் ரசீதுதான் உங்கள் கவசம். திரையரங்கில் காட்டத் தணிக்கைச் சான்று வேண்டும். விழாக்களுக்கு விலக்குப் பெறும் வழி உண்டு. டீக்கடை ரேடியோவில் ஓடும் சினிமாப் பாட்டுக்கும் உரிமைக் கட்டணம் கேட்பார்கள், ஆகவே பேட்டியின்போது அணைக்கச் சொல்லுங்கள்.

எடிட்டிங்குக்கு முன் எல்லா நேர்காணலையும் நேரக் குறியோடு தட்டச்சு செய்யுங்கள்; ஒரு மணி நேரப் பேச்சுக்கு ஐந்து மணி நேரம் ஆகும். குப்பத்துப் பேச்சை எழுத்துத் தமிழாகத் திருத்தாமல் காதில் விழுந்தபடியே எழுதுங்கள். இனி மாற்றமில்லை என்று படத்தைப் பூட்டுவதற்கு முன்பு ஊரில் போட்டுக் காட்டுங்கள். பாடு இல்லாத இரவு எது என்று அவர்களிடமே கேட்டு நாள் குறியுங்கள். ஜெனரேட்டரை முப்பது மீட்டர் தள்ளி, காற்று திரைப்பக்கம் வராத திசையில் வையுங்கள். படம் ஓடும்போது திரையைப் பார்க்காமல் ஆட்களைப் பாருங்கள்: இடத்தின் பெயரைத் தப்பாகச் சொன்னால் ஒரு சிரிப்பு எழும், வலையின் பெயர் தப்பினால் ஒரு பெரியவர் பக்கத்து ஆளிடம் குனிவார். அந்த இடங்களின் நிமிடத்தைக் குறித்துக்கொள்ளுங்கள். மறுநாள் காலை அவரைத் தேடிப்போய், சரியான பெயரைக் கேட்டுத் திருத்துங்கள்.